ஞாயிற்றுக்கிழமை ரிப்பேர்

திரையில் ஒரு பேய் வாளை ஓங்கியது. அந்த வாள் கீழே இறங்குவதற்குள் காசிராஜன் கையில் இருந்த காபி ஆறிவிட்டது.

"பாத்தீங்களாண்ணா, இப்படித்தான் இழுக்குது," என்றாள் பூஜா. "நான் வெட்டினா அது செத்துச்சா இல்லையான்னு தெரியறதுக்குள்ள எனக்குத் தூக்கம் வந்துடுது."

காசிராஜன் யோசனையோடு தலையை ஆட்டினான். அவனுக்குத் தெரிந்த கம்ப்யூட்டர் வித்தைகள் மொத்தம் இரண்டு. முதலாவது, அணைத்துவிட்டு மறுபடி போடுவது. காலையிலிருந்து அதைத்தான் செய்துகொண்டிருந்தான். இனி இரண்டாவதுதான் மிச்சம்.

"கேமை மொத்தமா எடுத்துட்டுத் திரும்பப் போட்டா சரியாயிரும் பாப்பா," என்று சொன்னவன், பதிலுக்குக் காத்திராமல் எடுத்தும்விட்டான்.

பல மாதங்களாக ஆடி, பேய்களின் கடைசிக் கோட்டை வாசல்வரை வந்து நின்றிருந்தாள் பூஜா. அந்தக் கணக்கும் விளையாட்டோடு சேர்ந்து அழிந்தது. பிளஸ் டூ படிக்கிற பெண் என்பதால் அவள் அங்கேயே அழவில்லை. எழுந்து உள் அறைக்குப் போய், கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள்.

"அழிஞ்சுதா? அப்படியே அந்தச் சனியனையும் தூக்கிக் குப்பையில போடுப்பா," என்று சமையலறையிலிருந்து அவளுடைய அம்மா வேல்விழியின் குரல் வந்தது. "பரிட்சை வருது. இந்த வீட்ல யாருக்காவது அந்த நெனப்பு இருக்கா?"

வீடு குன்றத்தூரில், மலைக்கோயிலுக்குப் போகிற சாலையில் இருந்தது. வீட்டுக்காரர் ஜீவானந்தம், ஒரகடத்தில் கார் கதவு செய்யும் ஒரு கம்பெனியின் புரொடக்‌ஷன் மேனேஜர். அந்தக் கதவுகளின் ஓரத்தில் ரப்பர் பொருத்துகிற கான்ட்ராக்ட் ஆள்தான் காசிராஜன். சொந்த ஊர் கயத்தாறு பக்கம். இருங்காட்டுக்கோட்டையில் ஓர் அறையில் நாலைந்து பேரோடு இருந்தான். கான்ட்ராக்ட் முடியும், இரண்டு நாள் வெளியே நிற்க வைப்பார்கள், புதுக் கம்பெனி பெயரில் புது அட்டை கொடுத்து அதே ரப்பரை அதே கதவில் பொருத்தச் சொல்வார்கள். ஒவ்வொரு முறையும் அவன் புது ஆள்தான்.

போன வாரம் ஜீவானந்தம் லைனுக்கே வந்து அவன் தோளில் கை போட்டார். வீட்டில் மகளுடைய கேம் ஓடவில்லை, ஞாயிற்றுக்கிழமை வந்து பார்க்க முடியுமா என்று கேட்டார். போகும்போது குரலைத் தாழ்த்தி, "கொஞ்சப் பேரை பர்மனென்ட் பண்ணப் போறாங்க காசி. உன்னை நான் மறக்க மாட்டேன்," என்றார்.

ஜீவானந்தம் யாருக்கும் இல்லை என்று சொன்னதே கிடையாது. லீவு கேட்டால் பார்க்கலாம் என்பார். கேன்டீன் சாம்பாரைப் பற்றிப் புகார் செய்தால் அதுவும் பார்க்கலாம்தான். தொழிலாளிகள் மனம் குளிர்ந்து போவார்கள். லீவும் கிடைக்காது, சாம்பாரும் மாறாது.

ஆனால் இது வேறு. இத்தனை பேர் இருக்கிற லைனில் தன்னை எதற்குக் கூப்பிட்டார் என்று யோசித்த காசிராஜனுக்குக் காரணமும் கிடைத்தது. சென்ற வருடம் லைனில் இருந்த திரை உறைந்துபோனபோது, மெயின் சுவிட்சை அணைத்துப் போட்டவன் அவன்தான். அதில் லைன் மொத்தமும் நின்று, ஒரு ஷிப்ட் முழுக்கக் கதவே போகவில்லை என்பது உண்மைதான். ஆனால் திரை சரியானதும் உண்மைதானே? சார் அதைக் கவனித்திருக்கிறார்.

பர்மனென்ட் என்றால் அவனுக்குச் சம்பளம் மட்டுமல்ல. சுங்குவார்சத்திரத்தில் ஒரு ஹாஸ்டலில் தங்கி, செல்போன் கம்பெனியில் வேலை செய்யும் கவியாவும்தான். கவியாவின் அப்பா தெளிவாகச் சொல்லியிருந்தார்: ஆர்டரைக் காட்டினால் தேதி குறிக்கலாம், கான்ட்ராக்ட் அட்டையைக் காட்டினால் டீ மட்டும் குடித்துவிட்டுப் போகலாம்.

சாயங்காலம் விளையாட்டு மறுபடி ஏறி முடிந்தது. பேய் வாளை ஓங்கியது. அதே வேகம்.

நொந்துபோய், காபி டம்ளரை எடுக்கக் குனிந்தபோதுதான் காசிராஜன் பெட்டியின் பின்பக்கத்தைப் பார்த்தான். மானிட்டர் ஒயரைச் செருக மேலே ஓர் இடமும் கீழே ஓர் இடமும் இருந்தன. கீழே இருந்ததைச் சுற்றித் தூசி இல்லை; இத்தனை நாள் ஒயர் அங்கேதான் இருந்திருக்கிறது. இப்போது மேலே இருந்தது. பிடுங்கிக் கீழே செருகினான்.

பேய் பாய்ந்தது. பூஜா கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து அதன் தலையைச் சீவினாள்.

கோயிலுக்குப் போய்த் திரும்பிய ஜீவானந்தம் வாசலிலேயே நின்றார். நெற்றியில் விபூதி இருந்தது, முகத்தில் ஒன்றும் இல்லை.

"ஓடுதா?" என்றார்.

"ஓடுது சார்."

"இன்னைக்கேவா?"

காசிராஜன் பூரித்துப் போனான். பெரிய மனிதர்கள் இப்படித்தான் பாராட்டுவார்கள்.

அடுத்த ஞாயிறும் கம்பெனி கார் அவன் அறை வாசலில் வந்து நின்றது. ஓட்டுவது வாலாஜாபாத்காரரான ரகுபதி. ஜீவானந்தத்தைத் தினமும் கூட்டிப் போய்க் கூட்டி வருபவர்.

"இன்னாபா காசி, சாருக்கு மச்சான் ஆயிட்டியா? வாரா வாரம் வண்டி வருது," என்றார்.

"கேம் தொறக்க மாட்டங்குதாம்ணே. என்னைத்தான் வரச் சொன்னாரு."

"நல்லாப் பாரு. அந்த வூட்ல ஒனக்கு நல்ல பேருபா," என்றவர் பாட்டுச் சத்தத்தைக் கூட்டினார்.

இந்த முறை பேயே வரவில்லை. விளையாட்டை அழுத்தினால், ஏதோ ஒரு ஃபைலைக் காணோம் என்று ஒரு பெட்டி வந்து நின்றது. காசிராஜன் அறை நண்பன் மணிகண்டபிரபுவுக்குப் போன் போட்டான். ஊரில் பிரௌசிங் சென்டரில் ஒரு மாதம் உட்கார்ந்திருந்தவன் என்பதால் அறையில் அவன்தான் இன்ஜினீயர். அந்த ஃபைல் இலவசமாகவே கிடைக்கும், வைரஸ் காவலை மட்டும் கொஞ்ச நேரம் நிறுத்திவிட்டு இறக்கிக்கொள் என்று அவன் வழி சொன்னான்.

ஃபைல் இறங்கியது. அதன் பின்னாலேயே ஒரு கும்பலும் இறங்கியது.

அன்று வேல்விழி, கந்த சஷ்டி கவசம் படிக்கிற தெருப் பெண்களை வீட்டுக்கு அழைத்திருந்தாள். கம்ப்யூட்டர் இருந்தது கூடத்தில். பெண்கள் பாய் விரித்து, கண்ணை மூடி ஆரம்பித்த நேரத்தில், திரையில் அரைகுறை உடையில் ஒரு பெண் தோன்றி, ஸ்பீக்கரில் கொஞ்சலாகக் கேட்டாள்: "தனியாவா இருக்கீங்க?"

காசிராஜன் ஒன்றை மூடினால் ரம்மி ஆடக் கூப்பிட்டது. ரம்மியை மூடினால் இன்னொரு பெண் வந்தாள். கடைசியில் சுவரிலிருந்த சுவிட்சை அணைத்தான். அது கூடத்துக்கே பொதுவான சுவிட்ச். மின்விசிறி நின்று, பெண்கள் எல்லோரும் கண்ணைத் திறந்தார்கள்.

அவர்கள் போன பிறகு வேல்விழி பேசியதை இங்கே எழுத முடியாது. அதற்குப் பரிகாரமாக, கம்ப்யூட்டரில் ஒரு தூசு இல்லாமல் எல்லாவற்றையும் துடைத்துத் தருகிறேன் என்று காசிராஜன் வாக்குக் கொடுத்தான். கொடுத்தபடியே துடைத்தான். பூஜாவின் பரதநாட்டிய அரங்கேற்றப் படங்கள் அதில்தான் இருந்தன என்பது துடைத்த பிறகு தெரிந்தது.

ஆனால் விளையாட்டு ஓடியது.

ஜீவானந்தம் வந்து திரையையும், மூலையில் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்த மனைவியையும் மாறி மாறிப் பார்த்தார். "போட்டோ எல்லாம் போச்சு, கேம் மட்டும் வந்துடுச்சு," என்றார் நிதானமாக.

"ஆமா சார். கேமை விடக் கூடாதுன்னு பிடிவாதமா இருந்தேன்."

"தெரியுது," என்றார் ஜீவானந்தம்.

அன்று அறைக்குத் திரும்பியதும் காசிராஜன் கவியாவுக்குப் போன் செய்து, சார் வீட்டில் தான் ஒரு பிள்ளை மாதிரி என்றான். கவியா அதைத் தன் அப்பாவிடம் சொன்னாள். அவர் ஊரில் இரண்டு பேரிடம் சொல்லும்போது, மாப்பிள்ளைக்கு ஆர்டர் கையெழுத்துக்குப் போயிருக்கிறது என்று ஆகிவிட்டது.

மூன்றாவது ஞாயிறு, கம்ப்யூட்டரில் தேதி பத்து வருடம் பின்னால் போயிருந்தது. விளையாட்டு நெட்டில் நுழைய மாட்டேன் என்று அடம் பிடித்தது. தேதி பின்னால் போனால் உள்ளே இருக்கும் சின்ன பேட்டரி செத்திருக்கும் என்று ஒரு வீடியோ சொன்னது. காசிராஜன் பெட்டியைத் திறந்து பேட்டரியை மாற்றினான். திறக்கும்போது உள்ளே இருந்த சின்ன மின்விசிறி உடைந்தது. விசிறி இல்லாமல் கம்ப்யூட்டர் சூடாகி, பேய் வரும்போதெல்லாம் அணைந்தது. சமையலறையில் வேல்விழி வைத்திருந்த டேபிள் ஃபேனைக் கொண்டுவந்து திறந்த பெட்டிக்கு எதிரே வைத்தான். விளையாட்டு ஓடியது. சமையலறையில் வேல்விழி வியர்வையில் குளித்தாள்.

"அந்தப் பேய்க்குக் காத்து வேணும், எனக்கு வேணாம்," என்றாள் அவள் சுவரைப் பார்த்து.

கழற்றிய பழைய பேட்டரியை அறைக்குக் கொண்டுபோய்ச் சோதித்தபோதுதான் காசிராஜனுக்குத் திக்கென்றது. பேட்டரி நன்றாகவே இருந்தது.

கம்பெனியில் ஒரு பழக்கம் உண்டு. கதவில் ஒரு கோளாறு வந்தால், ஏன் என்று ஐந்து முறை கேட்க வேண்டும். ரப்பர் ஏன் விலகியது? பசை பிடிக்கவில்லை. ஏன் பிடிக்கவில்லை? இப்படியே போய், ஐந்தாவது பதில் எப்போதும் தொழிலாளியின் கவனக்குறைவு என்று முடியும். மேனேஜர்கள் கையெழுத்துப் போட்டுவிட்டு டீ குடிக்கப் போவார்கள்.

காசிராஜன் பாயில் உட்கார்ந்து ஐந்து முறை கேட்டான். தேதி ஏன் மாறியது? பேட்டரி காரணமில்லை. ஃபைல் ஏன் காணாமல் போனது? ஒயர் ஏன் இடம் மாறியது? எப்படிச் சுற்றினாலும் இந்த முறை ஐந்தாவது பதில் தொழிலாளியாக இல்லை. அந்த வீட்டுக்குள் யாரோ கை வைக்கிறார்கள்.

யாரென்று கண்டுபிடிக்க லைனில் ஒரு வழி இருந்தது. முடுக்கிய ஒவ்வொரு போல்ட்டின் மேலும் மஞ்சள் பெயின்டால் ஒரு கோடு இழுப்பார்கள். யாராவது கழற்றினால் கோடு ஒத்துப் போகாது. வாரத்தின் நடுவில் ஒரு நாள், ஷிப்ட் முடிந்ததும் காசிராஜன் பெயின்ட் பேனாவோடு குன்றத்தூருக்குப் போனான். ஒவ்வொரு திருகாணியிலும், ஒவ்வொரு ஒயரிலும், உள்ளே இருந்த ஒவ்வொரு சர்க்யூட் அட்டையிலும் கோடு போட்டான். வேலை முடிந்தபோது பூஜாவின் கம்ப்யூட்டர், ஏற்றுமதிக்குத் தயாரான கார் கதவு போல இருந்தது.

நாலாவது ஞாயிறு கம்ப்யூட்டர் எழவே இல்லை. கீச்சுக் கீச்சென்று கத்தியது. காசிராஜன் பெட்டியைத் திறந்து டார்ச் அடித்தான். ஓர் அட்டை பாதி வெளியே வந்திருந்தது. அதன் மஞ்சள் கோடும், அது உட்காரும் இடத்து மஞ்சள் கோடும் விலகி நின்றன. மூடித் திருகாணிகளிலும் அப்படியே.

"சார்," என்றான். "இது ரிப்பேர் இல்ல சார். இந்த வீட்டுக்குள்ளயே ஆள் இருக்கு."

ஜீவானந்தம் செய்தித்தாளை மடித்தார். "என்ன சொல்றே?"

காசிராஜன் விளக்கினான். ஒயர், ஃபைல், தேதி, அட்டை. வெளி ஆள் யாரும் வருவதில்லை. பாப்பா தன் விளையாட்டைத் தானே கெடுக்க மாட்டாள். இந்த இடத்தில் அவன் நிறுத்தியிருக்கலாம். சமையலறை வாசலில் நின்ற வேல்விழியைப் பார்க்காமலாவது இருந்திருக்கலாம்.

"என்னையா சொல்றே?" என்றாள் வேல்விழி.

"நான் பேரு சொல்லலைம்மா. ஆனா நீங்கதான் மொதல் நாளே இதைக் குப்பையில போடச் சொன்னீக."

பூஜா அம்மாவைப் பார்த்த பார்வையில் அரங்கேற்றத்து அபிநயம் எல்லாம் இருந்தது. ஜீவானந்தம் தரையைப் பார்த்தார். பிறகு மனைவியிடம் திரும்பி, "வேலு, நேரா சொல்லியிருக்கலாமே. புள்ளை மனசு என்ன பாடுபடும்?" என்றார்.

வேல்விழி உள்ளே போய்ப் பையில் இரண்டு புடவையை அடைத்துக்கொண்டு வந்தாள். ரகுபதியின் காரிலேயே ஏறி, வாலாஜாபாத்தில் இருக்கும் அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள்.

குற்றவாளி போனாலும் தடயம் போகவில்லை என்பதால் காசிராஜன் வேலையை முழுசாக முடித்தான். தப்புச் செய்யக் கூடாது என்று ஆளுக்குச் சொல்லிப் பயனில்லை, தப்பே செய்ய முடியாதபடி பொருளைச் செய்ய வேண்டும் என்பது லைனில் அவனுக்குச் சொல்லிக்கொடுத்த பாடம். பெட்டியை ஒரு கம்பிக் கூண்டுக்குள் வைத்துப் பூட்டினான். எந்த அமைப்பை மாற்றுவதானாலும் பாஸ்வேர்டு கேட்கும்படி செய்து, அதைப் பூஜாவையே போடச் சொன்னான். சாவியையும் அவள் கையிலேயே கொடுத்தான்.

"இன்னொரு சாவி இருக்குமில்ல?" என்றார் ஜீவானந்தம்.

"கெடையாது சார். ஒண்ணே ஒண்ணுதான். இனிமே அந்தக் கடவுளே வந்தாலும் இந்தக் கேமை நிறுத்த முடியாது."

ஜீவானந்தம் அவன் தோளில் கை வைத்தார். அந்தக் கை கொஞ்சம் அழுத்தமாகவே இருந்தது. "உன்னை மறக்கவே மாட்டேன் காசி," என்றார்.

அவர் மறக்கவில்லை. பூஜா பள்ளியிலிருந்து வந்து பையைக் கழற்றும் முன் பேய்களை வெட்ட ஆரம்பித்தாள். சாப்பாடும் கூண்டுக்குப் பக்கத்திலேயே நடந்தது. திருப்புதல் தேர்வில் இயற்பியலில் பெயிலாகி, வேதியியலில் நூலிழையில் தப்பினாள். கயத்தாறு பக்கத்தில் கவியாவின் அப்பா தை மாதத்தில் முகூர்த்தம் பார்த்து, மண்டபத்துக்கு முன்பணமும் கொடுத்துவிட்டார்.

ஒரு திங்கட்கிழமை சூப்பர்வைசர் லைனுக்கு வந்து, ஹெச்.ஆர். கூப்பிடுகிறார்கள் என்றார். காசிராஜன் கையுறையைக் கழற்றி, தலையைச் சீவிக்கொண்டு, நடக்கும்போதே கவியாவுக்கு ஒரு சிரிப்புப் பொம்மை அனுப்பினான்.

ஹெச்.ஆர். பெண் இனிமையாகப் பேசினாள். கான்ட்ராக்ட் இன்றோடு முடிகிறது, இந்த முறை புது அட்டை இல்லை, கேட்டில் அடையாள அட்டையையும் ஷூவையும் கொடுத்துவிடலாம். ஜீவானந்தம் சாரைப் பார்க்க வேண்டும் என்றான். சார் மீட்டிங்கில் இருக்கிறார், பார்க்கலாம் என்று சொல்லச் சொன்னார் என்றாள்.

ஷூவைக் கொடுத்துவிட்டு, சாக்ஸ் காலோடு கேட்டுக்கு வெளியே வந்து நின்றான். உள்ளே யாரோ கை தட்டினார்கள். போனில் கவியாவின் பதில் வந்திருந்தது: அப்பா ஊர் முழுக்கச் சொல்லிட்டாக.

கார் நிழலில் நின்றிருந்த ரகுபதி, அவன் காலைப் பார்த்துவிட்டுத் தன் செருப்பைக் கழற்றி அவன் பக்கம் தள்ளினார். தனக்கு வண்டியில் வேறு இருக்கிறது என்றார்.

"உள்ள என்னண்ணே கைத்தட்டு?"

"சக்திகுமாருக்கு ஆர்டர் குட்துட்டாங்கபா. பர்மனென்ட்."

காசிராஜனுக்கு நம்ப முடியவில்லை. சக்திகுமார் பக்கத்து லைன்காரன். கதவைத் தலைகீழாக மாட்டி, ஒரு முறை சஸ்பெண்டும் ஆனவன்.

"அவன் என்னண்ணே செஞ்சான்?"

"போன பரிட்சை சமயத்துல அவனும் சார் வூட்டுக் கம்ப்யூட்டரைப் பாக்கப் போனான்," என்றார் ரகுபதி. "கை வெச்ச ஒடனே பொகை வந்துச்சு. பரிட்சை முடியற வரைக்கும் அது கடையிலதான் கெடந்துச்சு."

"எரிச்சவனுக்கு ஆர்டரு. ஒண்ணு விடாம சரி பண்ணுனவனுக்கு இதா? நான் என்னண்ணே தப்பு செஞ்சேன்?"

ரகுபதி நெடுஞ்சாலைப் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு அவன் முகத்தைப் பார்க்காமல், நிஜமான வருத்தத்தோடு சொன்னார்:

"ஆடாதேன்னு பொண்ணாண்ட சொல்ல மனசு வராம, ஒவ்வொரு சனிக்கிழமையும் சாரே அதைக் கெடுத்து வெச்சாரு காசி, எதையும் உருப்படியா ரிப்பேர் பண்ணத் தெரியாத ஆளா ஒருத்தனைச் சொல்லு ரகுபதின்னு கேட்டாரு, நான்தான் உன் மேல அவ்ளோ நம்பிக்கையா உன் பேரைச் சொன்னேன்."